கேவியட் போட்டாயிற்று, இனி என்ன?

கேள்வி இதுதான். சென்னையில் வசித்த தந்தை இறந்து ஒன்றரை ஆண்டு ஆகிறது. தாய் அதற்கு முன்பே காலமாகிவிட்டார். பிள்ளைகள் மூவர்: இரண்டு பெண்கள், ஒரு பையன். தந்தை இறப்பதற்கு எட்டு மாதம் முன்பு எழுதியதாகச் சொல்லப்படும் உயில் ஒன்று இருக்கிறது. அது பதிவு செய்யப்படாதது. வீடு முழுவதும் மகனுக்கே என்கிறது. அதைக் காட்டித் தம்பி சென்னை உயர் நீதிமன்றத்தில் புரோபேட், அதாவது உயில் உண்மையானது என்று நீதிமன்றம் தரும் அத்தாட்சி, கேட்டு மனுத் தாக்கல் செய்திருக்கிறார். நோட்டீஸ் வந்ததும் மூத்த மகள் தெரிந்தவர் ஒருவர் மூலம் கேவியட் (எனக்குச் சொல்லாமல் எதுவும் செய்ய வேண்டாம் என்று நீதிமன்றத்தைக் கேட்கும் மனு) போட்டுவிட்டார். “கேவியட் விழுந்துவிட்டது, இனி அவரால் ஒன்றும் செய்ய முடியாது” என்று அவருக்குச் சொல்லியிருக்கிறார்கள். இது உண்மையா? உயிலை நிரூபிக்க வேண்டியது யார்? வீட்டில் பாதி அம்மாவின் நகையை விற்று வாங்கியது என்பதை இதே வழக்கில் சொல்லலாமா? புரோபேட்டே இனித் தேவையில்லை என்று சட்டம் மாறிவிட்டதாமே, அப்படியானால் இந்த வழக்கு என்னவாகும்? நான்கு கேள்விகள்.

முதல் கேள்விக்கான பதிலில் அவசரம் இருப்பதால் அதையே முதலில் சொல்கிறேன். உங்களுக்குச் சொல்லப்பட்டது உண்மையல்ல. கேவியட் என்பது கதவில் போட்ட தாழ்ப்பாள். பூட்டு இனிமேல்தான் போட வேண்டும். அந்தப் பூட்டு, கேவியட்டுக்கு ஆதரவாக நீங்கள் தாக்கல் செய்ய வேண்டிய பிரமாண வாக்குமூலம். அதற்கு உயர் நீதிமன்ற விதிகள் தரும் அவகாசம் நாள்கணக்கில்தான் இருக்கிறது, மாதக்கணக்கில் அல்ல. அதைத் தாக்கல் செய்யாமல் விட்டால் உங்கள் கேவியட் தள்ளப்பட்டு, எதிர்ப்பே இல்லாத மனுவைப் போலத் தம்பியின் மனு நகர்ந்துவிடும். இதைப் படிக்கும்போது வாக்குமூலம் இன்னும் தாக்கல் ஆகவில்லை என்றால், மீதியைப் பிறகு படியுங்கள். முதலில் வழக்கறிஞரைப் பாருங்கள்.

குழப்பத்துக்குக் காரணம் ‘கேவியட்’ என்ற சொல் இரண்டு வேறு வேறு சங்கதிகளுக்குப் பயன்படுவதுதான். உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் 148ஏ பிரிவில் வரும் கேவியட் ஒன்று. எதிராளி தடையாணை கேட்கக்கூடும் என்ற சந்தேகத்தில், ‘என்னைக் கேட்காமல் உத்தரவு போடாதீர்கள்’ என்று முன்கூட்டியே போட்டு வைப்பது. அதன் ஆயுள் 90 நாள். வீட்டுச் சண்டைகளில் பெரும்பாலும் நாம் கேள்விப்படுவது இதைத்தான். உங்களுடையது அதுவல்ல. இந்திய வாரிசுரிமைச் சட்டம் 1925, 284ஆம் பிரிவின்கீழ் வரும் கேவியட் உங்களுடையது. அதற்கென்று அந்தச் சட்டத்தின் ஐந்தாம் அட்டவணையில் படிவமே இருக்கிறது. இறந்தவர் பெயர், ஊர், இறந்த நாள், இடம் எல்லாம் எழுதி, இன்ன ஊரைச் சேர்ந்த இன்னாருக்கு அறிவிப்புக் கொடுக்காமல் இவருடைய சொத்து விஷயத்தில் எதுவும் செய்ய வேண்டாம் என்று கேட்கும் ஒரே ஒரு வாக்கியம். அவ்வளவுதான். அதில் காரணம் எதுவும் இராது. 285ஆம் பிரிவின்படி, அது விழுந்தபின் உங்களுக்கு அறிவிப்புக் கொடுக்காமல் மனு நகராது. காரணங்களையெல்லாம் சொல்லும் இடம் வாக்குமூலம்.

வாக்குமூலம் தாக்கலானதும் மனுவின் உருவமே மாறிவிடும். 295ஆம் பிரிவு அதைச் சொல்கிறது: எதிர்ப்பு வந்துவிட்டால், இயன்ற அளவு ஒரு சாதாரண உரிமையியல் வழக்கைப் போலவே நடத்த வேண்டும், மனுதாரர் வாதி, எதிர்ப்பவர் பிரதிவாதி. சென்னையில் ‘ஓ.பி.’ (மூல மனு) என்று எண் பெற்றிருந்த மனு ‘டி.ஓ.எஸ்.’ (உயில் சார்ந்த மூல வழக்கு) என்று புது எண் பெறும். தம்பியின் மனு வழக்குரை ஆகும். உங்கள் வாக்குமூலம் எதிர்வழக்குரையின் இடத்துக்கு வரும்.

இந்தக் கடைசி வரியில்தான் பல வழக்குகள் தோற்கின்றன என்பது என் அனுபவம். அவகாசம் குறைவு, கோபம் அதிகம். ‘இப்போதைக்கு எதையாவது எழுதிப் போடுவோம், பிறகு பார்த்துக்கொள்ளலாம்’ என்று போடும் வாக்குமூலம் கடைசிவரை உங்கள் கழுத்தில் தொங்கும். நான் பார்த்த வாக்குமூலங்களில் பாதியில் இப்படி இருக்கும்: மூன்றாவது பத்தியில் ‘உயிலில் இருப்பது என் தந்தையின் கையெழுத்தே அல்ல.’ ஐந்தாவது பத்தியில் ‘உடல்நலமின்றிப் படுத்திருந்த என் தந்தையை மிரட்டிக் கையெழுத்து வாங்கினார்கள்.’ ஏழாவது பத்தியில் ‘வெற்றுத்தாளில் வாங்கிய கையெழுத்தைப் பயன்படுத்திக்கொண்டார்கள்.’ ஆற்றிலே ஒரு கால், சேற்றிலே ஒரு கால். மாற்று வாதங்களை வைப்பதைச் சட்டம் அடியோடு தடுக்கவில்லை. ஆனால் சத்தியம் செய்து சொல்லும் உண்மை மூன்று விதமாக இருக்க முடியாது. கூண்டில் ஏறிய முதல் பத்து நிமிடத்தில் எதிர்த்தரப்பு வழக்கறிஞர் கேட்பார்: “அம்மா, அது உங்கள் அப்பா கையெழுத்தா, இல்லையா?” நீங்கள் எந்தப் பதிலைச் சொன்னாலும் உங்கள் வாக்குமூலத்தின் ஒரு பத்தி பொய்யாகிவிடும்.

இதில் இன்னொரு கணக்கும் இருக்கிறது. ‘கையெழுத்தே இல்லை’ என்றால் நிரூபிக்கும் பொறுப்பு உயிலைக் கொண்டுவந்தவருக்கு. அவர்தான் கையெழுத்து உண்மை என்று காட்ட வேண்டும். ‘மிரட்டினார்கள், ஏமாற்றினார்கள்’ என்றால் அதை நிரூபிக்க வேண்டியவர் நீங்கள். அதுவும் பொத்தாம்பொதுவாகச் சொல்ல முடியாது. உரிமையியல் நடைமுறைச் சட்டம், ஆணை 6 விதி 4, மோசடி, முறையற்ற செல்வாக்கு என்று குற்றம்சாட்டினால் என்று, எங்கே, யார், என்ன செய்தார் என்ற விவரங்களைத் தரச் சொல்கிறது. ‘அப்பா அவன் சொல்வதைத்தான் கேட்பார்’ என்பது விவரம் ஆகாது. வயதான காலத்தில் உடனிருந்து பார்த்துக்கொண்ட பிள்ளையின் பேச்சைக் கேட்பது எந்த வீட்டிலும் இயல்பு. அதை மட்டும் வைத்து உயிலைத் தள்ள மாட்டார்கள்.

ஆகவே கையெழுத்தைப் பற்றி முடிவெடுக்கும் முன் அசல் உயிலைப் பாருங்கள். நோட்டீஸோடு வந்த நகல் போதாது. அசல் நீதிமன்றத்தில் தாக்கல் ஆகியிருக்கும். வழக்கறிஞர் மூலம் அனுமதி பெற்றுப் பார்க்கலாம். ஒவ்வொரு தாளிலும் கையெழுத்து இருக்கிறதா, கடைசித் தாளில் மட்டுமா? கடைசி வரிக்கும் கையெழுத்துக்கும் நடுவே எவ்வளவு இடைவெளி? கடைசி வரிகள் கையெழுத்துக்கு இடம் விட்டு நெருக்கி அடிக்கப்பட்டிருக்கின்றனவா? தாள்கள் எல்லாம் ஒரே ரகமா? ஸ்டேப்ளர் ஓட்டைகள் எல்லாத் தாளிலும் ஒன்றன்மேல் ஒன்றாகப் பொருந்துகின்றனவா, ஒரு தாளில் மட்டும் கூடுதல் ஓட்டை இருக்கிறதா? நகலில் இவற்றில் பாதிகூடத் தெரியாது.

பார்த்துவிட்டு மனச்சாட்சியோடு உங்களையே கேட்டுக்கொள்ளுங்கள். அது அப்பாவின் கையெழுத்துதான் என்று தோன்றினால், ‘இல்லை’ என்று எழுதாதீர்கள். ‘உயில் சட்டப்படி நிறைவேற்றப்பட்டது என்பதை வாதி கண்டிப்பாக நிரூபிக்க வேண்டும், சூழ்நிலைகள் சந்தேகத்துக்குரியவை’ என்று எழுதி, அந்தச் சூழ்நிலைகளை ஒவ்வொன்றாகச் சொல்வது அதைவிடப் பலமான நிலை. ஏன் என்பது இரண்டாவது கேள்விக்கான பதிலில் இருக்கிறது.

உயிலை நிரூபிக்க வேண்டியவர் அதைக் கொண்டுவந்தவர்தான். இதில் சட்டம் வழவழவென்று இல்லை. வாரிசுரிமைச் சட்டத்தின் 63ஆம் பிரிவின்படி உயில் எழுதியவர் கையெழுத்தோ கைநாட்டோ இட வேண்டும். குறைந்தது இரண்டு சாட்சிகள் வேண்டும். அவர் கையெழுத்திடுவதை ஒவ்வொரு சாட்சியும் பார்த்திருக்க வேண்டும், அல்லது ‘இது என் கையெழுத்து’ என்று அவர் ஒப்புக்கொண்டதை நேரில் கேட்டிருக்க வேண்டும். ஒவ்வொரு சாட்சியும் அவர் முன்னிலையில் கையெழுத்திட வேண்டும். இரண்டு சாட்சிகளும் ஒரே நேரத்தில் அங்கே இருந்திருக்க வேண்டும் என்பதில்லை. உயிலில் என்ன எழுதியிருக்கிறது என்று அவர்களுக்குத் தெரிந்திருக்க வேண்டியதும் இல்லை. இந்தச் சாட்சிகளில் ஒருவரையாவது நீதிமன்றத்தில் விசாரிக்காமல் உயிலைச் சான்றாகவே எடுத்துக்கொள்ள முடியாது. பழைய சாட்சியச் சட்டத்தில் 68ஆம் பிரிவாக இருந்த இந்த விதி, 2024 ஜூலை 1 முதல் நடைமுறையில் இருக்கும் பாரதிய சாக்ஷ்ய அதினியத்தில் 67ஆம் பிரிவு. உயில் பதிவு செய்யப்பட்டிருந்தாலும் இதிலிருந்து விலக்கு இல்லை. முப்பது ஆண்டுப் பழைய ஆவணம் தானாகவே உண்மை என்று கொள்ளும் சலுகையும் உயிலுக்குக் கிடையாது என்று உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது.

சென்னையில் சாட்சியம் பதிவாவது பெரும்பாலும் நீதிபதியின் முன் அல்ல, மாஸ்டர் எனப்படும் நீதிமன்ற அதிகாரியின் முன். சின்ன அறை, தட்டச்சுச் சத்தம், சாட்சி சொல்வதை அப்படியே எழுதிக்கொண்டு போவார்கள். பல ஆண்டுகளுக்கு முன் அப்படி ஓர் அறையில் நடந்ததைச் சொல்கிறேன். உயிலில் சாட்சிக் கையெழுத்திட்ட ஓய்வுபெற்ற ஊழியர் ஒருவர் கூண்டில் இருந்தார். நல்ல மனிதர், பொய் சொல்லத் தெரியாதவர். “என்ன பார்த்தீர்கள்?” “அவர் கையெழுத்துப் போட்டார். நான் பார்த்தேன். பிறகு நானும் போட்டேன்.” வாதியின் வழக்கறிஞர் திருப்தியோடு உட்கார்ந்துவிட்டார்.

கேட்க வேண்டிய கேள்வி ஒன்று பாக்கி இருந்தது: மற்றொரு சாட்சியும் உயில் எழுதியவர் முன்னிலையில் கையெழுத்திட்டாரா? சட்டம் கேட்பது இரண்டு சாட்சிகளின் சான்றொப்பத்தை, அதாவது சாட்சியாக இட்ட கையெழுத்தை. கூண்டில் வரும் ஒருவர், தன்னுடையதோடு மற்றவருடையதையும் சேர்த்துச் சொல்லியாக வேண்டும். சொல்லவில்லை என்றால், மற்றவர் உயிரோடு இருக்கும் பட்சத்தில் அவரையும் அழைத்தே ஆக வேண்டும் என்பது 2002இல் ஜானகி நாராயண் போயர் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொன்னது. இரண்டாவது சாட்சி உயிரோடுதான் இருந்தார். அவரை அழைக்கவில்லை. உயில் அங்கேயே நொண்டத் தொடங்கியது.

அதைவிடச் சுவையானது அதற்குப் பிந்திய ஐந்து நிமிடம். குறுக்கு விசாரணைக்கு எழுந்தவர் அனுபவசாலி. நேரத்தைக் கேட்டார், நாற்காலி எங்கே கிடந்தது என்று கேட்டார், எந்த மைப் பேனா என்று கேட்டார். இரண்டாவது சாட்சியின் பெயரை மட்டும் வாயால் உச்சரிக்கவே இல்லை. இளம் வழக்கறிஞர்கள் பலர் இந்த இடத்தில் ஆர்வக்கோளாறில், “இன்னொரு சாட்சி அன்றைக்கு அங்கே இல்லவே இல்லை என்கிறேன்” என்று போட்டுவிடுவார்கள். சாட்சியும் “இல்லை ஐயா, அவரும் இருந்தார், எங்கள் முன்னால்தான் கையெழுத்துப் போட்டார்” என்று சொல்லிவிடுவார். எதிராளி விட்ட ஓட்டையை நாமே அடைத்த கதை. உங்கள் வழக்கறிஞரோடு குறுக்கு விசாரணைக்கு முன் ஒரு மாலை உட்கார்ந்து, எதைக் கேட்கப்போகிறோம் என்பதோடு எதைக் கேட்கப்போவதில்லை என்பதையும் பேசிக்கொள்ளுங்கள்.

சாட்சிகள் இருவரும் இறந்துவிட்டால் உயில் செத்துவிடும் என்று நினைக்க வேண்டாம். அப்போது சாட்சிகளில் ஒருவரின் கையெழுத்தையும், உயில் எழுதியவரின் கையெழுத்தையும் அடையாளம் காட்டுபவர்கள் மூலம் நிரூபிக்கலாம். சாட்சி பிறழ்ந்து ‘எனக்கு நினைவில்லை’ என்றாலும் வேறு சான்றுகளுக்கு வழி இருக்கிறது. ஆனால் உயிலைத் தட்டச்சு செய்தவர், நோட்டரி, எழுத்தர் ஆகியோரின் கையெழுத்து இருக்கிறது என்பதற்காக அவர்களைச் சான்றொப்பச் சாட்சியாகக் கணக்கில் சேர்க்க முடியாது. சாட்சியாக இருக்கும் எண்ணத்தோடு கையெழுத்திட்டிருந்தால் மட்டுமே சேரும்.

இனி, சந்தேகத்துக்குரிய சூழ்நிலைகள். இதற்கு இன்றும் எல்லோரும் முதலில் காட்டுவது, எச். வெங்கடாசல அய்யங்கார் வழக்கில் 1958 நவம்பரில் நீதிபதி கஜேந்திரகட்கர் எழுதிய தீர்ப்பைத்தான். மற்ற ஆவணங்களுக்கும் உயிலுக்கும் ஒரு வேறுபாடு உண்டு. எழுதியவர் வந்து ‘இது என்னுடையது’ என்றோ ‘இல்லை’ என்றோ சொல்ல முடியாது. ஆகவே உயிலைச் சுற்றிச் சந்தேகம் இருந்தால், அதைப் போக்கி நீதிமன்றத்தின் மனச்சாட்சியைத் திருப்திப்படுத்தும் பொறுப்பு உயிலைக் கொண்டுவருபவருக்கே என்று அந்தத் தீர்ப்பு நிலைநாட்டியது. எதிர்ப்பவர் மோசடி என்று வாதிடாவிட்டாலும் இந்தப் பொறுப்பு குறையாது. நான் மேலே சொன்ன ‘பலமான நிலை’ இதுதான். நீங்கள் எதையும் நிரூபிக்க வேண்டிய இடத்தில் போய் நிற்காமல், அவர் விளக்க வேண்டியவற்றை மட்டும் அடுக்கி வைக்கலாம்.

அடுக்கும்போது எது எடை உள்ளது என்று தெரிந்து அடுக்குங்கள். உயில் தயாரிப்பில் தம்பி தானே முன்னின்றாரா, வழக்கறிஞரை அழைத்து வந்தது, சாட்சிகளைக் கூட்டி வந்தது அவரா, அதே உயிலில் எல்லாமும் அவருக்கே போகிறதா: இதற்கு எடை அதிகம். அன்றைக்கு அப்பா மருத்துவமனையில் இருந்தாரா, எந்த மருந்தில் இருந்தார்: எடை அதிகம், ஆனால் மருத்துவமனை ஆவணம் வேண்டும். உங்கள் வாய்ச்சொல் போதாது. அப்பா இறந்ததும் வாரிசுச் சான்றிதழுக்கு மூவர் பெயரையும் போட்டு விண்ணப்பித்துவிட்டு, உயிலைப் பற்றி ஓராண்டு வாயே திறக்கவில்லையா: இதைத் தேதிகளோடு சொல்லுங்கள். பெண்களுக்கு ஒன்றுமே கொடுக்கவில்லை என்பது மட்டும்? கேட்கக் கசப்பாக இருக்கும், ஆனால் அதற்குத் தனியாக அவ்வளவு எடை கிடையாது. சட்டம் தரும் பங்கை மாற்றத்தானே ஒருவர் உயில் எழுதுகிறார். ஏன் கொடுக்கவில்லை என்று உயிலில் ஒரு வரி காரணம்கூட இல்லாமல், மற்றச் சந்தேகங்களும் சேரும்போதுதான் இது பேசும். பதிவு செய்யவில்லை என்பதும் அப்படித்தான். உயிலுக்குப் பதிவு கட்டாயமில்லை.

கையெழுத்தை மறுப்பதுதான் உங்கள் முடிவு என்றால், ஒப்பிடுவதற்கு அதே காலத்துக் கையெழுத்துகள் வேண்டும். நாற்பது வயதில் போட்ட கிரயப்பத்திரக் கையெழுத்தை எழுபத்தெட்டு வயதுக் கையெழுத்தோடு வைத்தால் எந்த நிபுணரும் தலையைச் சொறிவார். ஓய்வூதியம் வாங்கியவர் என்றால் ஆண்டுதோறும் கொடுத்த வாழ்நாள் சான்று, வங்கிக் காசோலை, வைப்புத்தொகைப் புதுப்பிப்பு, மருத்துவமனைச் சம்மதப் படிவம் ஆகியவற்றைத் தேடுங்கள். வங்கிகள் பழைய காசோலைகளை என்றென்றும் வைத்திருக்க மாட்டா. ஆவணங்களை வரவழைக்கும் மனுவை விசாரணை தொடங்கும்வரை தள்ளிப் போடாதீர்கள்.

மூன்றாவது கேள்வி, அம்மாவின் நகை. இதை இந்த வழக்கில் கொண்டுவந்தால் நேரம்தான் வீணாகும். புரோபேட் நீதிமன்றம் பார்ப்பது ஒன்றே ஒன்று: இந்தத் தாள், இந்த மனிதர் சுயநினைவோடு, சட்டப்படி எழுதிய கடைசி உயில்தானா? அதில் எழுதியிருக்கும் வீடு அவருடையதா, பாதிதான் அவருடையதா, பரம்பரைச் சொத்தா என்பதையெல்லாம் அது பார்க்காது. 2007இல் கன்வர்ஜித் சிங் தில்லான் வழக்கிலும் உச்ச நீதிமன்றம் இதையே சொன்னது. அந்தச் சண்டைக்கு இடம் பாகப்பிரிவினை வழக்கு. உயில் போலி என்று தீர்ந்தால் மூவருக்கும் மூன்றில் ஒரு பங்கு. உயில் உண்மை என்றே தீர்ந்தாலும் அப்பாவுக்குச் சொந்தமில்லாத பங்கை அவர் உயிலில் எழுதியிருக்க முடியாது. இரண்டையும் அந்த வழக்கில் கேட்கலாம். இரண்டு வழக்குகளையும் சேர்த்து விசாரிக்கும்படி மனுப் போடுவதும் உண்டு. ஆனால் ஓர் எச்சரிக்கை. கிரயப்பத்திரம் அப்பா பெயரில் மட்டும் இருந்து, ‘பணம் அம்மாவுடையது’ என்பதே உங்கள் வாதம் என்றால், பினாமித் தடைச் சட்டம் குறுக்கே நிற்கக்கூடும். அது எளிதான பாதை அல்ல. அம்மா பெயரும் பத்திரத்தில் இருந்தால் கதையே வேறு.

இதே காரணத்தால்தான் எல்லோரும் கேவியட் போட்டுவிட முடியாது. உயில் இல்லாமல் போனால் யாருக்குப் பங்கு வருமோ, அல்லது முந்தைய உயிலில் யாருக்கு ஏதாவது எழுதியிருக்கிறதோ, அவருக்குத்தான் எதிர்க்க இடம். ‘அந்த வீடே என்னுடையது, இறந்தவருக்குச் சொந்தமில்லை’ என்று வருபவருக்கு இங்கே இடமில்லை. பிர்லா தொழில் குடும்பத்தைச் சேர்ந்த பிரியம்வதா பிர்லாவின் உயிலைச் சுற்றி நடந்த பெரிய சண்டையில், 2008இல் உச்ச நீதிமன்றம் இதை நீளமாக ஆராய்ந்தது. அதே ஆண்டு, சென்னையிலிருந்து சென்ற ஜி. கோபால் எதிர் சி. பாஸ்கர் வழக்கில், சொத்தில் சிறிதளவு உரிமைத் தொடர்பு இருந்தாலும் எதிர்க்கலாம் என்று சொல்லி, பேரப்பிள்ளைகளுக்கு அறிவிப்பில்லாமல் வாங்கிய புரோபேட்டை ரத்து செய்தது சரிதான் என்றது. நீங்கள் முதல் வகுப்பு வாரிசு. உங்களுக்கு இதில் சிக்கலே இல்லை. உங்கள் தங்கைக்கும் நோட்டீஸ் போனதா என்று மட்டும் பாருங்கள். அவர் வெளிநாட்டில் இருந்தால் பழைய முகவரிக்கு அனுப்பிவிட்டு, செய்தித்தாளில் ஒரு விளம்பரத்தோடு முடித்துக்கொள்வது நடக்கிற கதை. அப்படி முடிந்துவிட்டாலும் 263ஆம் பிரிவில் ரத்து கேட்கலாம். அதற்கும் காலவரம்பு மூன்று ஆண்டு. புரோபேட் என்பது உங்கள் இருவருக்கு இடையிலான தீர்ப்பு மட்டுமல்ல, உலகத்துக்கே எதிராகச் செல்லும் தீர்ப்பு. எனவே பிறகு பார்த்துக்கொள்ளலாம் என்று தங்கையை இருக்க விடாதீர்கள்.

தம்பியின் மனுவிலும் பார்க்க வேண்டியவை உண்டு. புரோபேட் என்பது உயிலில் நிறைவேற்றுநராக, அதாவது உயிலில் சொன்னதைச் செய்து முடிப்பவராக, நியமிக்கப்பட்டவருக்கு மட்டுமே கிடைக்கும். உயிலில் அப்படி யாரையும் நியமிக்காமல் ‘வீடு என் மகனுக்கு’ என்று மட்டும் இருந்தால், அவர் கேட்க வேண்டியது உயில் இணைத்த நிர்வாக அதிகாரப் பத்திரம். இது திருத்திக்கொள்ளக்கூடிய பிழைதான், இதை வைத்து வழக்கை வெல்ல முடியாது. காலதாமதம் என்ற வாதமும் உங்களுக்கு உதவாது. விண்ணப்பிக்கும் உரிமை எழுந்ததிலிருந்து மூன்று ஆண்டு என்பது 2008இல் குன்வர்ஜித் சிங் கந்த்பூர் வழக்கிலிருந்து நிலைபெற்ற கணக்கு. அவர் ஒன்றரை ஆண்டிலேயே வந்துவிட்டார்.

நான்காவது கேள்விக்குச் சுருக்கமான பதில் போதும். சென்னை, மும்பை, கொல்கத்தா உயர் நீதிமன்றங்களின் பழைய எல்லைகளை ஒட்டி, இந்துக்கள் முதலான சில சமயத்தாரின் உயில்களுக்கு மட்டும் புரோபேட் கட்டாயம் என்று வாரிசுரிமைச் சட்டத்தின் 213ஆம் பிரிவு வைத்திருந்தது. அதனால்தான் மயிலாப்பூர் வீட்டுக்குப் புரோபேட் வேண்டும், மதுரை வீட்டுக்கு வேண்டாம் என்ற விசித்திரம் நெடுங்காலம் இருந்தது. 2025 டிசம்பரில் நாடாளுமன்றம் நிறைவேற்றிய திருத்தச் சட்டம் அந்தப் பிரிவை நீக்கியது. நீங்கியது கட்டாயம்தான். புரோபேட் கேட்கும் உரிமையும், வழங்கும் அதிகாரமும், நான் மேலே சொன்ன நடைமுறைகளும் அப்படியே இருக்கின்றன. தம்பியின் மனு இதனால் தானாக விழாது. அவரே மனுவைத் திரும்பப் பெற்றுக்கொண்டாலும், நாளைக்கு நீங்கள் பாகப்பிரிவினை வழக்குப் போட்டால் அதே உயிலை அங்கே கொண்டுவருவார். அங்கேயும் 63ஆம் பிரிவு, அங்கேயும் சாட்சியை அழைக்க வேண்டும், அங்கேயும் சந்தேகத்தைப் போக்க வேண்டும். இடம்தான் மாறும்.

நீங்கள் கேட்காத ஒன்றையும் சொல்லிவிடுகிறேன். வழக்கு நடக்கும்போது வீட்டை வாடகைக்கு விட்டுப் பணம் வாங்கிக்கொள்வது, இடித்துக் கட்ட ஒப்பந்தம் போடுவது எல்லாம் நடக்கும். அதற்குத் தடையாணை கேட்கலாம். நிலைமை மோசம் என்றால், வழக்கு முடியும்வரை சொத்தைப் பார்த்துக்கொள்ள ஒரு நிர்வாகியை நியமிக்கும்படி 247ஆம் பிரிவில் கேட்கலாம். அந்த நிர்வாகி நீதிமன்றத்தின் கட்டுப்பாட்டில் இருப்பார், சொத்தைப் பங்கிட்டுக் கொடுக்க அவருக்கு அதிகாரம் கிடையாது.

சமரசம் பேசுவதானால் தயங்காதீர்கள். உயர் நீதிமன்ற வளாகத்தில் 2005 முதல் சமரச மையம் இயங்குகிறது. குடும்ப வழக்குகளில் அங்கே தீர்ந்ததை நானே பார்த்திருக்கிறேன். ஒன்று மட்டும் தெரிந்துகொள்ளுங்கள்: ‘இந்த உயில் உண்மை என்று நாங்கள் ஒப்புக்கொள்கிறோம்’ என்று நீங்கள் எழுதிக் கொடுத்தாலும், அதை மட்டும் வைத்து நீதிமன்றம் புரோபேட் தராது. முறைப்படி சாட்சியம் வேண்டும். எனவே சமரசத்தின் பலன் புரோபேட் உத்தரவில் இருக்கிறது என்று நம்பிக் கேவியட்டைத் திரும்பப் பெறாதீர்கள். யாருக்கு என்ன பங்கு, எந்தத் தேதிக்குள் என்பதைத் தனிக் குடும்ப ஏற்பாட்டுப் பத்திரமாக எழுதி, தேவையானால் பதிவும் செய்து, அது கையில் வந்தபின் திரும்பப் பெறுங்கள்.

தீர்ப்பு எதிராக வந்தால் அதே உயர் நீதிமன்றத்தின் இரு நீதிபதிகள் அமர்வில் மேல்முறையீடு. காலவரம்பு 30 நாள். மாவட்ட நீதிமன்றத்திலிருந்து உயர் நீதிமன்றம் போகும் வழக்குகளில் இருக்கும் 90 நாள் என்று எண்ணிக்கொண்டு வருபவர்கள் இருக்கிறார்கள். தீர்ப்பு நகலுக்கு விண்ணப்பிப்பதைத் தீர்ப்பு வந்த அன்றே செய்யச் சொல்லுங்கள்.